யாரு வெச்ச பேரு?

முதலில் என் மானக்கேட்டை நானே சொல்லிவிடுகிறேன். சவரிமுத்து அண்ணன் இறந்துபோனதைப் பற்றி நான் சவரிமுத்து அண்ணனிடமே விசாரித்தேன்.

அன்று காலை ஷிப்டுக்கு வருகிறவர்களுக்காக கேன்டீனில் இட்லி ஊற்றிக்கொண்டிருந்தோம். கம்பெனி வாட்ஸ்அப் குழுவில் இங்கிலீஷில் ஒரு செய்தி வந்தது. நான் ஐந்தாம் வகுப்பு படித்தவள், அதிலும் பாதிதான். பக்கத்தில் தேங்காய் துருவிக்கொண்டிருந்த பாக்கியத்திடம் போனை நீட்டினேன்.

"எஃப். சேவியர் முத்துன்னு யாரோக்கா. நெஞ்சு வலியாம். போய்ட்டாராம்."

"யாருடி அது? பெயிண்ட் ஷாப்பா?"

"தெர்லக்கா. பெரிய ஆபீசரா இருக்கும். பேரைப் பாரேன், எப்டி கீதுன்னு."

முகம் தெரியாத அந்த ஆபீசருக்கு மூன்று கைகூப்பு பொம்மை போட்டேன். அப்புறமும் மனசு கேட்கவில்லை. எங்கள் கம்பெனியில் எந்தப் பெயர் எந்த முகத்துக்கு உரியது என்று முழுசாகத் தெரிந்தவர் டைம் ஆபீஸ் சவரி அண்ணன் ஒருவர்தான். அவர் நம்பருக்கு ஒரு வாய்ஸ் போட்டேன். "அண்ணே, யாருண்ணே இந்த சேவியரு? பாவம், பூட்டாராமே. சோக்கா கீது பேரு. யாரு வெச்ச பேராம்?"

கொஞ்ச நேரத்தில் அதே நம்பரிலிருந்து போன் வந்தது. பேசியது அவருடைய மனைவி அந்தோணியம்மா அக்கா.

"யம்மா அஞ்சல, இவியதாம்மா அது" என்றார்.

கையிலிருந்த கரண்டி சட்னி வாளிக்குள் விழுந்தது. எடுக்கத் தோன்றவில்லை.

முப்பதாம் நாள் பூசைக்காகப் போடும் இந்தச் சின்னப் புத்தகத்தில் நீயும் எழுது என்று அக்கா சொன்னார். "நானா? நோட்டுல பால் கணக்கு எழுதினாலே தப்பு வருது" என்றேன். "அவிய உன் வாய்ஸ் வந்தா சிரிச்சிக்கிட்டேதான் கேப்பாவ. நீ எழுதணும்" என்றார். எனவே நான் சொல்லச் சொல்ல என் மகள் எழுதுகிறாள். இதில் நல்ல தமிழாக இருப்பதெல்லாம் அவளுடையது. கிண்டல் மட்டும் என்னுடையது.

அண்ணனைத் தெரிந்த உங்களுக்கு அவர் வேலையைச் சொல்லத் தேவையில்லை. இருந்தாலும் பூசைக்கு வரும் சொந்தக்காரர்களுக்காகச் சொல்கிறேன். ஒரகடத்தில் எங்கள் கம்பெனி கேட்டை ஒட்டி இருக்கிற சின்ன அறைதான் டைம் ஆபீஸ். புதிதாக வேலைக்குச் சேருகிறவர்கள் எல்லாரும் முதலில் அங்கேதான் போக வேண்டும். பாரம் பூர்த்தி செய்து, போட்டோ எடுத்து, கழுத்தில் கார்டு மாட்டி உள்ளே அனுப்புவது அவர் வேலை. காதில் ஒரு பென்சில், சட்டைப் பையில் ஒரு பேனா. வேறு எந்த ஆபீசிலும் "உன் பேர் என்ன" என்று கேட்பார்கள். இவர் அதோடு விடமாட்டார். "யாரு வெச்ச பேரு?" என்பதுதான் அவருடைய அடுத்த கேள்வி.

பதினோரு வருடத்துக்கு முன்னால் பாத்திரம் கழுவும் வேலைக்காக நான் அந்த ஜன்னலில் போய் நின்றேன்.

"அஞ்சலை" என்றேன்.

"யாரு வெச்ச பேரு?"

"யாருக்குண்ணே தெரியும்? போஸ்ட் ஆபீசாண்ட பொறந்திருப்பேன். அஞ்சல்னு வெச்சிருப்பாங்க."

அவர் சிரிக்கவில்லை. பாரத்தில் என் பெயரைப் பென்சிலால் எழுதினார். "வீட்டுல கேட்டுட்டு வா. வந்த பெறவு பேனாவுல எழுதுதேன்" என்றார். தூத்துக்குடிப் பக்கத்துக்காரர், கடைசிவரை அந்தப் பேச்சு மாறவில்லை. இந்த மனுஷனுக்கு வேறு வேலை இல்லையா என்று முணுமுணுத்துக்கொண்டே சேரப்பணஞ்சேரிக்குத் திரும்பி என் அம்மாவைக் கேட்டேன். முப்பத்தைந்து வயதில் முதல் முறையாகக் கேட்டேன்.

அம்மா சொன்னாள். "அது உனக்கு வெச்ச பேரு இல்லடி. எனக்கு வெச்சது. நீ வயித்துல குறுக்கால கெடந்த. மழைன்னா அப்டி ஒரு மழ. மருத்துவச்சியே முடியாதுன்னு கைய ஒதறிட்டா. எல்லாம் அழுவுறாங்க. நான் மட்டும் வாயத் தொறக்கல. உங்க மாமன் வெளிய வந்து, எங்கக்கா அஞ்சல, எங்கக்கா அஞ்சலன்னு ஊரெல்லாம் சொல்லிக்கினு திரிஞ்சான். பேர் வைக்கிற அன்னிக்கு அதையே வெச்சிட்டான்."

மறுநாள் ஜன்னலில் நின்று இதை அப்படியே ஒப்பித்தேன். அண்ணன் பென்சிலைக் காதில் சொருகினார். பேனாவை எடுத்தார். "உன் பேரை நீயே ஒருக்க வாய்விட்டுச் சொல்லு" என்றார். சொன்னேன். எழுதினார். யாராக இருந்தாலும் சொல்ல வைத்துத்தான் எழுதுவார். "எழுத்துல தப்பு இருந்தா கண்ணு ஏமாந்துரும். வாய் ஏமாறாது" என்பார்.

அதற்கு அடுத்த கட்டம் கடைசிப் பெயர். நம் ஊரில் யாருக்கு இருக்கிறது கடைசிப் பெயர்? ஆனால் கம்பெனிக்காரர்கள் வெளிநாடு. அவர்கள் பாரத்தில் அதற்கு ஒரு கட்டம் இருந்தது. ஆண்கள் அப்பா பெயரைப் போட்டார்கள். கல்யாணம் ஆன பெண்கள் புருஷன் பெயரைப் போட்டோம்.

"ஏகாம்பரம்" என்றேன், கொஞ்சம் வெட்கத்தோடு.

"ஒத்த மாமரம்" என்றார் அண்ணன்.

"இன்னாது?"

"ஏகம்னா ஒண்ணு. ஆம்ரம்னா மாமரம். காஞ்சிபுரம் கோயில்ல நிக்கில்லா, அந்த மரந்தான் உம் புருசன் பேரு. பென்சில்ல போடட்டா, பேனாவுல போடட்டா?"

"பேனாவுலயே போடுண்ணே. எங்க போய்டப் போறாரு?"

பேனாவில் போட்டார்.

அண்ணன் பெயரை நான் முதலில் ஒழுங்காகச் சொன்னதே கிடையாது. தினமும் ஸ்கூட்டரில் யாரையாவது பின்னால் ஏற்றிக்கொண்டு வருவார். அதனால் அவர் பெயரே சவாரி என்று நினைத்து "சவாரி அண்ணே" என்றுதான் கூப்பிட்டேன். இரண்டு வருடம் கழித்து பாக்கியம்தான் "யக்கா, அது சவரி" என்று திருத்தினாள். ஓடிப்போய் மன்னிப்புக் கேட்டேன். "எதுக்கு? சவாரி நீ வெச்ச பேரு. யாரு வெச்சதுன்னு எனக்குத் தெரியும், எதுக்கு வெச்சதுன்னும் தெரியும். இருக்கட்டும்" என்றார்.

"அப்ப சவரின்னா இன்னாண்ணே அர்த்தம்?"

"புது வீடு."

நான் நம்பவில்லை. அவர் விரலை மடக்கி மடக்கிச் சொன்னார். கடலுக்கு அந்தப் பக்கம் எங்கேயோ ஒரு மலை நாட்டில், அந்த ஆட்களுடைய பாஷையில், புது வீடு என்று ஓர் ஊருக்குப் பெயராம். "ஊர் பேரு ஒரு ஆளுக்குப் பேராச்சு. அந்த ஆளு சாமியாரானாவ. சாமியார் கப்பலேறி எங்க கடற்கரைக்கு வந்து சவேரியாரானாவ. எங்க அப்பா வாயில சவரியானாவ. பள்ளிக்கூடத்துல ஒரு வாத்தியார் திரும்பவும் சேவியராக்கிட்டாரு. எல்லாப் பேப்பர்லயும் அதான் இருக்கு." அந்தப் பேப்பர் பெயரை நான் அன்றே மறந்துவிட்டேன், நினைவிருந்தால் அந்த வாய்ஸ் போட்டிருப்பேனா?

"நீயே பேர் எழுதறவன். உன்துல மாத்திக்க வேண்டியதுதானே?"

"எம் பேரு தப்பா இருந்தாத்தானே மத்தவன் பேரு தப்பாயிருக்கயில எனக்கு உறுத்தும்" என்றார்.

உறுத்தியதற்கு ஒரு சாட்சி சொல்கிறேன். தெற்கேயிருந்து வந்து லைனில் வேலை செய்யும் இசக்கிமுத்துவை உங்களுக்குத் தெரியும். பெரிய ஆபீஸில் யாரோ அவனை ஐசக் முத்து என்று கம்ப்யூட்டரில் ஏற்றிவிட்டார்கள். அந்த வருடம் கிறிஸ்துமஸ் கேக் வாங்கிக்கொள்ள ஐசக் வரவும் என்று பட்டியலில் பெயர் வந்தது. அவன் கேக்கை வாங்கிச் சாப்பிட்டுவிட்டுப் பேசாமல் இருந்தான். அண்ணன்தான் பேசாமல் இருக்கவில்லை. கோப்பைத் தூக்கிக்கொண்டு மாடிக்குப் போய், "சார், இது எங்க ஊர் அம்மன். இயக்கின்னு இருந்து இசக்கியான ஆத்தா. இவன் பொறந்ததும் அவ கோயில்ல நேந்து வெச்ச பேரு. நான் சவேரியார் கோயில்காரன்தான், ஆனா ஆத்தா பேரை அழிச்சிட்டு நான் ஊருக்குப் போக முடியாது" என்று சொல்லி மாற்ற வைத்தார். இசக்கிமுத்துவிடம் நான் கேட்டேன். "ஏண்டா, கேக்கத் திருப்பிக் குடுத்தியா?" "அது செமிச்சிட்டுக்கா" என்றான்.

இனி என் கதை. இதைச் சொல்லத்தான் இவ்வளவு சுற்றினேன்.

ஆறு வருடத்துக்கு முன்னால் ஒத்த மாமரம் வேலி தாண்டியது. சுங்குவார்சத்திரத்தில் இன்னொரு குடும்பம், குழந்தை உட்பட. செய்தி தெரிந்த அன்று அண்ணன் என் பக்கம் வந்து நின்றார். நானே சொன்னேன். "ஒத்த மரம்னியே அண்ணே. ரெண்டு வூட்டுல காய்க்குது பாரு." அவர் சிரிக்காமல் இருக்கப் பார்த்தார், முடியவில்லை. நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்போடு அதை முடித்துவிட்டதாக நினைத்தேன்.

போன வருடம் கேட்டில் ஒரு மெஷின் வந்தது. முகத்தைக் காட்டினால் ஆளை அடையாளம் கண்டு, ஒரு பெண் குரலில் பெயர் சொல்லி வரவேற்கும். வெளிநாட்டு வழக்கப்படி மரியாதையாகக் கடைசிப் பெயரைச் சொல்லும். அன்று முதல் எங்கள் கம்பெனிக்கு வேலைக்கு வந்தது நாங்கள் இல்லை, எங்கள் அப்பாக்கள். வெல்கம் கோவிந்தசாமி, வெல்கம் சின்னப்பன், வெல்கம் மாரிமுத்து. என் முறை வந்தது. முகத்தைக் காட்டினேன்.

"வெல்கம், ஏகாம்பரம்."

பின்னால் நின்ற பெண்கள் கொல்லென்று சிரித்தார்கள். "யக்கா, மாமா டூட்டிக்கு வந்துட்டாரு!"

"வந்துட்டாருல்ல, நான் வூட்டுக்குப் போறேன். அவரே பாத்திரம் கழுவட்டும்" என்றேன். இன்னும் சிரிப்பு.

முதல் நாள் நல்ல ஜோக். இரண்டாம் நாளும் பரவாயில்லை. ஒரு வாரம் கழித்து, வீட்டில் நாங்கள் யாரும் உச்சரிக்காத அந்தப் பெயரைத் தினமும் காலையில் என் முகத்தைப் பார்த்து ஒரு மெஷின் சொல்வதைக் கேட்க என்னால் முடியவில்லை. கிண்டல் பேசுகிறவளுக்கு ஒரு கஷ்டம் உண்டு. அவள் அழுதாலும் ஜோக் என்றுதான் நினைப்பார்கள். அதனால் அழாமல், லாரிகள் வரும் பின்பக்க கேட் வழியாக உள்ளே போக ஆரம்பித்தேன். சுற்றி நடக்க வேண்டும், ஆனால் அங்கே மெஷின் கிடையாது.

நான்காம் நாள் அண்ணன் கேன்டீனுக்குள் வந்தார். கையில் வருகைப் பட்டியல்.

"நாலு நாளா நீ ஆப்சென்ட்டு. நாலு நாளா உங் கையாலதான் இட்லி தின்னுதேன். இன்னும் மூணு நாளு இப்பிடிப் போச்சுன்னா மெஷினே உம் பேரை எடுத்துரும். வேல போயிரும். என்னன்னு சொல்லு."

"இடுப்பு வலிண்ணே. லாரி கேட்டு கிட்டக்க."

"லாரி கேட்டு தூரம்லா?"

சொல்லிவிட்டேன். ஜோக் எதுவும் சேர்க்காமல் சொன்னேன். அவர் டைம் ஆபீசுக்குத் திரும்பிப் போனார். மத்தியானம் என் பழைய பாரத்தைக் கோப்பிலிருந்து எடுத்துக்கொண்டு வந்து காட்டினார். "எங் கையெழுத்து. பேனா. நான் பென்சிலோட நின்னிருக்கணும்" என்றார்.

"நான்தானே அண்ணே பேனாவுல போடச் சொன்னேன்?"

"நீ சொல்லுவ. எழுதுதவனுக்கு அறிவு வேண்டாமா?"

அடுத்த நாள் என்னைக் கூட்டிக்கொண்டு பெரிய ஆபீசுக்குப் போனார். அங்கே இருந்த அதிகாரி வடக்கத்திக்காரர், தமிழ் ஓரளவு பேசுவார், நல்ல மனிதர். கட்டத்தில் சிவப்பு நட்சத்திரம் இருக்கிறது, காலியாக விட்டால் கம்ப்யூட்டர் ஏற்காது என்றார்.

"அப்பா பேர் போடலாமே?"

"ஏகாம்பரத்தைக் கண்டுபுடிச்சு இட்டாந்ததே அவருதான் சார்" என்றேன். என்னைப் பதினாறு வயதில் ஒரு வார்த்தை கேட்காமல் கட்டிக் கொடுத்தவர்.

"அப்ப உங்க குடும்பப் பேர்? எல்லாருக்கும் ஒண்ணு இருக்குமே?"

இந்த இடத்தில் அண்ணன் நாற்காலியை முன்னால் இழுத்துப்போட்டுக்கொண்டார். "சார், எங்க பக்கமும் பேருக்குப் பின்னால ஒரு வாலு இருந்திச்சு. அதைக் கேட்டுட்டுத்தான் ஒருத்தனை உக்காரச் சொல்லுவாவ, ஒருத்தனை வெளிய நிக்கச் சொல்லுவாவ. எங்களுக்கு முந்தின ஆளுவ அதை வெட்டிப் போட்டுட்டாவ. இந்தக் கட்டம் காலியா இருக்கது மறதி இல்ல சார். மரியாதை."

அதிகாரி கம்ப்யூட்டரில் அந்தக் கட்டத்தைத் திரும்பப் பார்த்தார். பிறகு, "சரி. ஆனா கம்ப்யூட்டருக்கு ஏதாவது வேணுமே?" என்றார்.

அண்ணன் காதிலிருந்து பென்சிலை எடுத்து ஒரு தாளில் எழுதி நீட்டினார். முதல் பெயர், அஞ்சலை. கடைசிப் பெயர், அஞ்சலை.

"ரெண்டும் ஒண்ணுதானே?"

"இல்ல சார். முதல் அஞ்சலை இவிய. கடைசி அஞ்சலை இவிய அம்மா. அந்தப் பேரே அந்தம்மாவுக்கு வெச்சதுதான்."

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. பத்து வருடத்துக்கு முன்னால் ஜன்னலில் நின்று நான் ஒப்பித்ததை அவர் ஒரு எழுத்து விடாமல் வைத்திருந்தார். என் அம்மா போய் அப்போது ஒரு வருடம்கூட ஆகவில்லை.

அதோடு உடனே முடியவில்லை. தலைமை ஆபீஸிலிருந்து கடிதம் மூன்று தடவை திரும்பி வந்தது. உனக்கு எதற்கு இந்த வேண்டாத வேலை என்று கான்ட்ராக்டர் அவரைக் கூப்பிட்டுத் திட்டியதும் எனக்குத் தெரியும். அவரும் கான்ட்ராக்ட் ஆள்தான், நாளை முதல் வராதே என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அதுவரை ஒவ்வொரு நாளும் லாரி கேட்டுக்கு வந்து, கையால் எழுதும் ஒரு பேரேட்டில் என் வருகையைப் பதிந்துகொண்டு போனார். நான்காம் தடவை கடிதம் திரும்பவில்லை.

மறுநாள் காலையில் கேட்டில் அண்ணன் எனக்கு முன்னால் வந்து நின்றுகொண்டிருந்தார். முகத்தைக் காட்டினேன்.

"வெல்கம், அஞ்சலை."

வரிசை முழுக்கக் கைதட்டியது. நான் உள்ளே போகவில்லை. மறுபடி சுற்றிக்கொண்டு வந்து இன்னொரு தடவை முகத்தைக் காட்டினேன்.

"ஏ, போதும் உள்ள போ. ரெண்டு வாட்டி வந்தா ரெண்டு ஆளுன்னு பதிஞ்சிரும்" என்று கத்தினார் அண்ணன்.

"ரெண்டு ஆளுன்னு நீதானே சொன்ன?" என்றேன்.

அவர் அன்று சிரித்த சிரிப்பைப் பார்த்தவர்கள் உங்களில் பலர் இருப்பீர்கள்.

முப்பது வருடத்துக்கு மேல் வாடகை அறையில் இருந்த மனிதர் போன வருடம் படப்பையில் ஒரு மனை வாங்கி வீடு கட்ட ஆரம்பித்தார். "இப்பதான் எம் பேரைக் கட்டிக்கிட்டு இருக்கேன்" என்பார். கூரை போட்டாயிற்று, கதவு வைக்கவில்லை. வாடகை அறையில் பெட்டி திரும்ப இடமில்லை என்று அக்கா அவரை அங்கேதான் கொண்டுவரச் சொன்னார். சிமென்ட் வாசனை போகாத அந்தக் கூடத்தில் அவரைக் கிடத்தியிருந்தார்கள். இசக்கிமுத்து தலைமாட்டில் நின்று, வருகிறவர்களிடம் எல்லாம் "சவரிமுத்து, சேவியர் இல்ல" என்று சொல்லிக்கொண்டே இருந்தான்.

அண்ணனிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது ஒன்றுதான், அவருடைய கேள்வி. கேன்டீனில் புதிதாக யார் தட்டை நீட்டினாலும் முதலில் பெயர், அடுத்து யார் வைத்த பெயர். சொன்னால்தான் சாம்பார். தெரியாது என்றால் ரசம், மறுநாள் கேட்டுக்கொண்டு வந்தால் சாம்பார். இப்போது சாயந்திரங்களில் பையன்கள் வாசலில் நின்று ஊருக்குப் போன் போட்டு, "ஏம்மா, எனக்கு யாரு பேரு வெச்சா?" என்று கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். அந்தப் பக்கத்தில் அம்மாக்கள் நிறுத்தாமல் பேசுகிறார்கள்.

அடக்கத்தன்று கேன்டீன் சார்பில் பேனர் அடிக்கும் பொறுப்பை எனக்குக் கொடுத்தார்கள். படப்பையில் கடைக்குப் போய், அண்ணன் செய்தது போலவே தாளில் பென்சிலால் எழுதிக் கொடுத்தேன். சேவியர் வேண்டாம், சவாரி வேண்டாம், சவரிமுத்து என்று கடைக்காரரை மூன்று தடவை வாய்விட்டுச் சொல்ல வைத்தேன். அந்தப் பெயர் ஒரு எழுத்துப் பிசகாமல் வந்திருந்தது. மேலே தலைப்பில் "கண்ணீர் அஞ்சலை" என்று இருந்தது. கீழே, "இவண், கேன்டீன் ஊழியர்கள் சார்பாக, அஞ்சலி" என்று இருந்தது. பேனர் எட்டடிக்கு ஆறடி. சாலைக்கு எதிர்ப்புறத்திலிருந்தும் நன்றாகப் படிக்க முடிந்தது.